கேளுங்கள், சொல்கிறேன்

கேள்வி: மெக்சிகோ சினிமாவில் கதாநாயகியாக இல்லாமலே கொடிகட்டிப் பறந்தவர் யாராவது உண்டா?

பதில்: சாரா கார்சியா. கிழவி வேஷத்துக்கு முகம் பொருந்த வேண்டுமென்று, நாற்பதை ஒட்டிய வயதிலேயே பற்களைப் பிடுங்கிக்கொண்டவர். இதைப் படித்த அன்று என் கடைவாய்ப் பல் சும்மாவே வலித்தது!

பாட்டி என்றால் மூலையில் உட்கார்ந்து கண்ணீர் விடுபவர் இல்லை. 1947-இல் வந்த ‘லோஸ் த்ரெஸ் கார்சியா’வில் வாயில் சுருட்டு, கையில் தடி. எப்போதும் முறைத்துக்கொண்டு திரியும் மூன்று பேரன்களும் அவரிடம் மட்டும் பெட்டிப் பாம்பு. அதில் ஒரு பேரன், நாடே கொண்டாடிய பெத்ரோ இன்ஃபான்தே. இருந்தும் என் கண் பாட்டியை விட்டு நகரவில்லை.

அழுகிற தாயாகவும் நிறைய நடித்திருக்கிறார். அதெல்லாம் எனக்குக் கொஞ்சம் அலுப்பு. அப்புறம் 1972-இல் ‘மெகானிகா நசியோனல்’ படத்தில், கெட்ட வார்த்தை பேசி, கண்டதையும் தின்று செத்துப்போகிற பாட்டியாக வந்து, தான் கட்டிய பிம்பத்தைத் தானே உடைத்தார். 1980-இல் காலமானார். ‘அபுவெலிதா’ சாக்லேட் அட்டையில் இன்றும் சிரிப்பது அவர் முகம்தான்.