'யோல்' படத்தை இயக்கியது யார்?

கேள்வி: துருக்கி நடிகர் யில்மாஸ் கூனே சிறைக்குள் இருந்தபடியே 'யோல்' படத்தை இயக்கி, கேன்ஸ் விருதையும் வென்றார் என்று படித்தேன். கம்பிக்குப் பின்னாலிருந்து ஒருவர் எப்படிப் படம் எடுக்க முடியும்? கருத்துக்காகச் சிறைப்பட்ட அந்தக் கலைஞரைப் பற்றி நம் இதழில் ஏன் எழுதுவதில்லை?
(ஒரு வாசகர், திண்டுக்கல்)

பதில்: முடியாது. அவர் எடுக்கவும் இல்லை. 'யோல்' (பாதை) படத்தின் இயக்குநர் ஷெரிஃப் கோரென். 1980 ராணுவப் புரட்சிக்குப் பிந்தைய துருக்கியில், கெடுபிடிகளுக்கு நடுவே பனியில் காமிராவோடு நின்றவர் அவர்தான். 'சுரு' (மந்தை, 1978), 'துஷ்மன்' (பகைவன், 1979) இரண்டையும் இயக்கியவர் ஸெக்கி ஒக்தென். கூனே இந்த மூன்றுக்கும் திரைக்கதை ஆசிரியர். 'சிறையிலிருந்து இயக்கினார்' என்று கேட்பதற்கு நன்றாக இருக்கிறது என்பதற்காக, உழைத்த இருவரின் பெயரையும் அடித்துவிடக் கூடாது.

'கருத்துக்காகச் சிறை' என்பதும் பாதிதான் சரி. 1961-ல், கம்யூனிசப் பிரசாரம் என்று குற்றம் சாட்டப்பட்ட ஒரு கதைக்காக உள்ளே போனார். 1972-ல் தேடப்பட்ட புரட்சிகர மாணவர்களுக்கு அடைக்கலம் கொடுத்ததற்காகப் போனார். 1974 பொது மன்னிப்பில் வெளியே வந்தார். ஆனால் நீங்கள் கேட்கும் காலத்துச் சிறைவாசம் வேறு. 1974 செப்டம்பரில் அதானாவுக்கு அருகே யுமுர்தாலிக்கில், 'எந்திஷே' படப்பிடிப்புக்குக் கூனே போயிருந்தபோது ஓர் உணவகத் தகராறில் செஃபா முத்லு என்ற நீதிபதி சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தக் கொலைக்குத்தான் கூனேவுக்கு 19 ஆண்டு தண்டனை. சுட்டது தான்தான் என்று உறவினர் ஒருவர் முன்வந்தார், நீதிமன்றம் ஏற்கவில்லை. எழுத்துக்கான வழக்குகளும் பின்னால் சேர்ந்துகொண்டன என்பது உண்மை. அதற்காக முத்லுவின் சாவை ஓரம்கட்டிவிட்டு அவரைக் கொண்டாட முடியாது.

சரி, எழுதியவர் உள்ளே, எடுப்பவர் வெளியே என்றால் வேலை எப்படி நடந்தது? பழக்கம் 'எந்திஷே'யிலேயே தொடங்கிவிட்டது. கூனே கைதானதும் உதவியாளராக இருந்த கோரென் அதை முடித்தார். பிறகு வந்த திரைக்கதைகளைக் கூனே மிக விரிவாக எழுதினார். எடுப்பவர் காலையில் வந்து சந்தேகம் கேட்க முடியாதல்லவா? அப்படியும் சறுக்கியது. 'யோல்' படத்தை முதலில் தொடங்கியவர் எர்தென் கிரல். எடுத்தவரை கூனேவுக்குத் திருப்தி இல்லை. கிரல் விலக்கப்பட்டார், கோரென் வந்தார்.

இன்னொரு வசதி, அன்றைய துருக்கி சினிமாவின் வழக்கம். படப்பிடிப்பில் ஒலிப்பதிவு கிடையாது; வசனமெல்லாம் பின்னால் டப்பிங்தான். ஆகவே நெகட்டிவை நாட்டைவிட்டு வெளியே கொண்டுபோனால் மிச்சத்தை அங்கேயே முடிக்கலாம். 1981 அக்டோபரில், விடுப்பில் வெளியே வந்த கூனே சிறைக்குத் திரும்பாமல் தப்பினார். சுவிட்சர்லாந்தில் எடிட்டிங்கில் அவரே உட்கார்ந்தார். இசையமைத்த ஸுல்ஃபூ லிவனெலி, செபாஸ்டியன் ஆர்கோல் என்ற புனைபெயரில் மறைந்துகொண்டார். 1982 கேன்ஸில் தங்கப்பனை விருதை 'யோல்', கோஸ்தா காவ்ராஸின் 'மிஸ்ஸிங்' படத்தோடு பகிர்ந்துகொண்டது.

எழுத்தாளராக அவர் எவ்வளவு பெரியவர் என்பதற்கு 'யோல்' பனிக்காட்சி ஒன்று போதும். விடுப்பில் ஊருக்கு வரும் கைதி செயித் அலி, குடும்ப மானத்துக்காகத் தன் மனைவி ஸீனேயைக் கொன்றாக வேண்டும் என்பது உறவுகளின் எதிர்பார்ப்பு. அவளை மாதக்கணக்கில் சங்கிலியில் கட்டிப் போட்டிருக்கிறார்கள். அவன் கத்தியை எடுப்பதில்லை. மெல்லிய உடையோடு அவளைப் பனிக்கணவாய் வழியே நடத்திக் கூட்டிப்போகிறான். கொல்லும் வேலையைக் குளிர் பார்த்துக்கொள்ளட்டும் என்று. அவள் விறைத்து விழும்போதுதான் மனம் உடைகிறது. தூங்கினால் செத்துவிடுவாள் என்று பெல்ட்டைக் கழற்றி அடிக்கிறான், மகனையும் அடிக்கச் சொல்கிறான், முதுகில் சுமந்து ஓடுகிறான். பலிக்கவில்லை. தண்டிக்க வேண்டிய கையே காப்பாற்றுவதற்காக அடிக்கிறது! மானம் என்பதைப் பற்றி ஒரு வரி வசனம் இல்லாமலே எல்லாம் சொல்லியாகிவிட்டது.

கூனேவின் இந்த எழுத்துத் திறன் ஒரே நாளில் வந்ததல்ல. 1937-ல் அதானா பக்கத்துக் கிராமத்தில், கூலி வேலை செய்த குர்திய குடும்பத்தில் பிறந்தவர். இயற்பெயர் யில்மாஸ் பூதூன். 1950-களின் இறுதியில் இயக்குநர் ஆதிஃப் யில்மாஸிடம் எழுதவும் நடிக்கவும் சேர்ந்தார். 60-களில் சண்டைப் படங்களில் ஆண்டுக்கு இருபது படம்வரை நடித்தார். அழகன் முகம் இல்லாததால் மக்கள் வைத்த பெயர் 'அசிங்க ராஜா'. 1966-ல் லுத்ஃபி அகாத் இயக்கிய 'எல்லைகளின் சட்டம்' படத்தில் கதையும் நடிப்பும் அவருடையவை. சிரியா எல்லையில் கண்ணிவெடிகளுக்கு நடுவே கடத்தல் செய்து பிழைப்பவர்களின் கதை. ராணுவ ஆட்சிக்குப் பின் மிஞ்சிய ஒரே பிரதியிலிருந்துதான் 2011-ல் அதை மீட்டார்கள்.

அவரே நடித்து இயக்கியதைப் பார்க்க வேண்டுமானால் 'உமுத்' (நம்பிக்கை, 1970) பாருங்கள். குதிரை வண்டிக்காரர் ஜப்பார், ஒரு குதிரையைக் காரில் அடிபட்டு இழந்து, கடன்காரர்களிடம் மிச்சத்தையும் இழந்து, புதையல் தேடிக் குழி தோண்டப் போகிறார். தணிக்கை தடுத்த அந்தப் படம் நாட்டைவிட்டுக் கடத்தப்பட்டுத்தான் கேன்ஸுக்குப் போனது.

தப்பிய பிறகு அவர் இயக்கியது ஒரே படம்: பிரான்ஸில் எடுத்த 'துவார்' (சுவர், 1983). 1984 செப்டம்பர் 9-ல் வயிற்றுப் புற்றுநோயால் பாரிஸில் இறந்தார், வயது 47. 'யோல்' துருக்கித் திரையரங்குகளுக்கு வந்தது 1999-ல்தான்.