மலைப்பக்கம் போன பெங்குவின்

அன்புள்ள ஐயா,

போன மாசியில் அப்பா தவறிவிட்டார். அதற்குச் சில நாள் கழித்து, ஒரு பெங்குவின் கூட்டத்தை விட்டுத் தனியாக மலையைப் பார்த்து நடக்கிற காட்சி கைப்பேசியில் வந்தது. ஜெர்மன் இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் எடுத்ததாம். துணையை இழந்து சாகப் போகிறது என்றே தோன்றியது. உட்கார்ந்து அழுதேன். கடுவன் இறந்ததும் குட்டியைச் சுற்றத்திடம் விட்டுவிட்டு மலையிலிருந்து பாய்கிற சங்கப் பாட்டு மந்தி நினைவுக்கு வந்தது. மகனோ, "வழி தெரியாம போகுதுப்பா, அவ்வளவுதான்" என்கிறான். உங்களுக்கு என்ன தோன்றுகிறது?

கே.

அன்புள்ள கே.,

மகன் சொல்வதுதான் சரி. 2007இல் வந்த 'என்கவுன்ட்டர்ஸ் அட் தி எண்ட் ஆஃப் தி வேர்ல்டு' படத்தின் காட்சி அது. அண்டார்க்டிகாவில் நெடுங்காலம் பெங்குவின்களை ஆராய்ந்த டேவிட் எய்ன்லியிடம், பெங்குவினுக்குப் பைத்தியம் பிடிக்குமா என்று ஹெர்சாக் கேட்கிறார். பாறையில் தலையை மோதிக்கொண்டு பார்த்ததில்லை, சிலசமயம் திசை தப்பிக் கடலைவிட்டு வெகுதூரம் போய்விடும் என்கிறார் எய்ன்லி. துணை செத்த கதை படத்தில் கிடையாது. அது நீங்கள் கொண்டுபோனது.

துண்டுக் காட்சியை விட்டுவிட்டுப் படத்தில் பாருங்கள். மற்ற பெங்குவின்கள் கடலுக்குப் போகின்றன.  ஒன்று மட்டும் கடலுக்கும் போகாமல், கூட்டத்துக்கும் திரும்பாமல் நடுவில் நிற்கிறது. பிறகு சுமார் 70 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் மலையைப் பார்த்து நடக்கத் தொடங்குகிறது. பிடித்துக் கூட்டத்தில் விட்டாலும் மறுபடி மலைக்கே கிளம்புமாம். "ஆனால் ஏன்?" என்று கேட்ட ஹெர்சாக் அதற்கு விடை சொல்வதில்லை. 'புத்தி பேதலித்தது' என்ற சொல்லை மட்டும் அவரே போட்டுவிடுகிறார். அந்த இடத்தில் அவரும் உங்கள் கட்சிதான்.

அவருடைய 'கிரிஸ்லி மேன்' (2005) பார்த்திருக்கிறீர்களா? திமோதி ட்ரெட்வெல் என்பவர் அலாஸ்காவில் 13 கோடைகள் கரடிகளுக்கு நடுவே இருந்து தானே எடுத்த காட்சிகளை வைத்துச் செய்த படம். ஒரு பூவில் தேனீ அசையாமல் கிடக்கிறது. வேலை செய்துகொண்டே உயிரை விட்டுவிட்டது என்று ட்ரெட்வெல் உருகுகிறார். தேனீ அசைகிறது. தூங்கிக்கொண்டிருந்ததோ என்று அவரே விழிக்கிறார். முதல் தடவை சிரித்துவிட்டேன். அடுத்த தடவை முடியவில்லை.

2003 அக்டோபரில் கரடி அவரையும் அவர் தோழியையும் கொன்றது. லென்ஸ் மூடி கழற்றாத கேமராவில் ஒலி மட்டும் பதிவாகியிருந்தது. ஹெர்சாக் அதை ஹெட்ஃபோனில் கேட்கிறார். நமக்குக் கேட்காது. எதிரே உட்கார்ந்திருக்கிற, ட்ரெட்வெல்லின் இன்னொரு சிநேகிதி ஹெர்சாக்கின் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறார். நீங்கள் இதைக் கேட்கவே கூடாது, அழித்துவிடுங்கள் என்கிறார் ஹெர்சாக். கரடியின் முகத்தில் தனக்கு எந்த உறவும் தெரியவில்லை என்று சொல்கிற அதே மனிதர்.

மந்தியைச் சொன்னீர்கள். அந்தப் பாட்டில், தலைவனை நள்ளிரவில் வராதே என்று தடுக்கத்தான் தலைவியின் தோழிக்கு அந்த மந்தி வேண்டியிருந்தது. பாய்ந்ததா என்று யாரும் மலைக்குப் போய்ப் பார்க்கவில்லை. பாட்டுக்கு அதனால் ஒரு குறையும் இல்லை.

ஒன்று கேட்கவா? போய்க்கொண்டிருக்கிற அந்தப் பெங்குவினின் முதுகைத்தான் நாம் பார்க்கிறோம். கையை லேசாக விரித்து, ஒருபக்கம் சாய்ந்து சாய்ந்து நடக்கும். உங்கள் அப்பா எப்படி நடப்பார்? அடுத்த கடிதத்தில் எழுதுங்கள்.