வெப்பமானி காட்டுவது வெயிலின் அளவா?

திருநெல்வேலியில் மே மாதம் வெயில் கொளுத்தியும் மாடியிலுள்ள சோலார் பேனல் மார்ச்சில் தந்ததைவிடக் குறைந்த மின்சாரமே தருவது ஏன், வெயிலை வெப்பமானியால் அளந்தால் போதாதா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போதாது. வெப்பமானி நிழலில் இருந்தபடி காற்றின் சூட்டைச் சொல்கிறது. பேனலுக்கு வேண்டியதோ ஒரு சதுர மீட்டரில் வந்து விழும் கதிரின் ஆற்றல், அதாவது வாட் கணக்கு. வளிமண்டலத்தின் உச்சிக்கு ஏறத்தாழ 1361 வாட் வருகிறது. காற்றும் நீராவியும் தூசியும் ஒரு பங்கை உறிஞ்சியும் சிதறடித்தும் விடுவதால், தெளிந்த நண்பகலில் தரைக்குச் சுமார் 1000 வாட் கிடைக்கிறது. பேனலின் பின்புறம் அச்சிட்டுள்ள திறன் இந்த 1000 வாட்டுக்கும், பேனலிலுள்ள செல்லின் சூடு 25 டிகிரியாக இருக்கும் நிலைக்கும் உரியது. நம்மூர்க் கோடையில் செல் 60 டிகிரியை எட்டிவிடும். ஒவ்வொரு டிகிரிக்கும் திறன் 0.3 முதல் 0.4 சதவீதம் குறைவதால், சூடு கூடுவது நமக்கு நட்டமே.

கதிரை அளப்பதற்கான கருவி பைரனோமீட்டர். கண்ணாடிக் குமிழுக்குள் இருக்கும் கருப்புப் பரப்பு கதிரை உறிஞ்சிச் சூடேற, அந்தச் சூட்டு வேறுபாட்டைத் தெர்மோபைல் மிகச் சிறிய மின்னழுத்தமாக மாற்றுகிறது. சூரியனிடமிருந்து நேராக வரும் கதிரை மட்டும் அளக்க, சூரியனைத் தொடர்ந்து திரும்பும் பைர்ஹீலியோமீட்டர் வேண்டும். வானமெங்கும் சிதறி வருவதை அளக்க, ஒரு சிறு பந்தின் நிழல் எப்போதும் விழும்படி இன்னொரு பைரனோமீட்டரை வைப்பார்கள். நம் பகுதிக்கு இந்தப் பிரிப்பு மிக அவசியம் என்பது என் உறுதியான கருத்து. ஆனி, ஆடியில் செங்கோட்டைப் பக்கமிருந்து சாரல் மேகம் கவியும்போது நேர்க்கதிர் அறவே நின்றாலும் சிதறிய கதிரில் பேனல் ஓடிக்கொண்டிருக்கும். மேக இடைவெளியில் சூரியன் தலைகாட்டும் சில நிமிடங்களிலோ, மேக விளிம்புகள் சிதறடிக்கும் ஒளியும் சேர்ந்து அளவு 1000 வாட்டைத் தாண்டுவதும் உண்டு.

இன்னொன்றையும் கவனியுங்கள். நாம் ஏறத்தாழ 8.7 டிகிரி வட அட்சரேகையில் இருப்பதால், சித்திரைத் தொடக்கத்திலிருந்து ஆவணி நடுப்பகுதி வரை நண்பகல் சூரியன் நமக்கு வடக்கே நிற்கிறது. தெற்கு நோக்கி அதிகம் சாய்த்த பேனல் அந்த மாதங்களில் இழப்பது இதனால்தான். சாய்வு 10 டிகிரியை ஒட்டி இருந்தால் போதும், மழைநீரும் தூசியைக் கழுவிக்கொண்டு இறங்கும்.

வீட்டுக்குப் பைரனோமீட்டர் விலை அதிகம். கதிரை அளக்கும் சிறிய சிலிக்கான் உணரி ஒன்றைப் பேனலின் சாய்விலேயே பொருத்தி, அதைத் தூசி படியாமல் அடிக்கடி துடைத்து, ஒரு சதுர மீட்டரில் அன்றன்று சேர்ந்ததாக அது காட்டும் கதிரின் கிலோவாட் மணியையும் பேனல் தந்த யூனிட்டையும் அருகருகே எழுதி வாருங்கள். கதிர் குறையாமல் யூனிட் மட்டும் குறைந்தால், காரணத்தைச் சூட்டிலோ தூசியிலோ வயரிங்கிலோ தேட வேண்டும்.