நான்கு பக்கக் கடிதத்தில் ஒரு வரி

கேள்வி: மாவட்டக் கலைத் திருவிழா பரதப் போட்டியில் என் மகளுக்கு இரண்டாம் இடம் கொடுத்து ஏமாற்றிவிட்டார்கள். எங்கள் ஊரிலிருந்து எல்லை தாண்டினால், கேரளத்தில் இதற்கெல்லாம் கோர்ட்டில் ஆர்டர் வாங்கி வந்து ஆடுகிறார்கள். நாமும் ஐகோர்ட்டில் ரிட் போட்டால் என்ன?
- ஒரு தந்தை, பந்தலூர்

பதில்: நான்கு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். முக்கால்வாசியும் அரைமண்டி (முழங்கால் மடித்துப் பாதி உட்காரும் நிலை), தாளம், முகபாவம், இரண்டு மார்க் வித்தியாசம். இடையில் ஒரே ஒரு வரி: நடுவர்களில் ஒருவர், முதலிடம் வந்த பெண்ணுக்கு நடனம் சொல்லிக்கொடுப்பவர். வழக்கு என்று ஏதாவது இருந்தால் அது இந்த வரியில்தான் இருக்கிறது. அதைப் போய் மூன்றாம் பக்கத்தில் ஒளித்து வைத்திருக்கிறீர்களே!

அரசியல் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்படி ரிட் போடலாம், சரி. ஆனால் யார் அரைமண்டி நன்றாக உட்கார்ந்தார் என்று நீதிபதி மார்க் போடமாட்டார். விதிப்படி நடந்ததா, நடுவர் ஒருபக்கம் சாய இடமிருந்ததா என்பதைத்தான் பார்ப்பார். அதுவும் வழக்கு சென்னையில் விசாரணைக்கு வருவதற்குள் மாநிலப் போட்டி முடிந்துவிட்டால், மனுவில் என்ன மிச்சமிருக்கும்?

கேரளத்தைச் சொல்கிறீர்கள். 1957-இலிருந்து நடக்கும் பள்ளிக் கலைவிழா அது. கீழே தோற்றும் அப்பீல் உத்தரவோடு ஆட வருகிறவர்கள் கூடக்கூட, போட்டிகள் நள்ளிரவைத் தாண்டி இழுக்கின்றன. மேக்கப்போடு குழந்தைகள் தூங்கி வழிகிறார்கள். 2018-இல் திருச்சூரில், குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி அப்பீல் உத்தரவே வந்து, போலீஸ் கைது வரை போனது. போட்டி வெறி முற்றியதால், அதிகப் புள்ளி எடுத்த மாணவிக்கும் மாணவனுக்கும் கொடுத்த கலாதிலகம், கலாபிரதிபா பட்டங்களை அங்கே 2006-இல் கைவிட்டார்கள். நாம் 2022-இல் கலையரசன், கலையரசி என்று பட்டம் கொடுக்கத் தொடங்கியிருக்கிறோம். எனக்கு இது கவலையாகவே இருக்கிறது.

அப்புறம், மனுதாரர் உங்கள் மகள். மைனர் என்பதால் நீங்கள் அவளுக்காகக் கையெழுத்துப் போடுவீர்கள், அவ்வளவே. அவளைக் கேட்டீர்களா? நான்கு பக்கத்திலும் அதைக் காணோம்.

அவளும் சம்மதித்தால், அந்த ஒரு வரியை மட்டும் மனுவாக எழுதி முதன்மைக் கல்வி அலுவலரிடம் இந்த வாரமே நேரில் கொடுங்கள். கொடுத்ததற்கு ஒப்புகை வாங்குங்கள். பத்து ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமைச் சட்டப்படி மதிப்பெண் தாளின் நகலும் கேளுங்கள். அடுத்த ஆண்டிலிருந்து ஒவ்வொரு நடுவரும், போட்டியில் தன் மாணவர் யாரும் இல்லை என்று முன்கூட்டியே எழுதித் தரவேண்டும் என்றும், மதிப்பெண் தாளை அன்றே ஒட்டவேண்டும் என்றும் அதே மனுவில் சேருங்கள்.

ஜெயித்த பெண்ணும் குழந்தைதான். நடுவரை அவள் தேர்ந்தெடுக்கவில்லை; ஊரார் பேச்சு மட்டும் அவள் தலையில் விழுகிறது. மனுவில் கையெழுத்துக் கேட்டு அவள் வீட்டுக்கும் போங்கள்.