மூன்றாக எண்ணாதீர்கள், பன்னிரண்டாக எண்ணுங்கள்
சகோதரரே, நைஜீரிய துதிப் பாடலை வாசித்தால் வால்ட்ஸ் (மூன்றடித் தாளத்தில் ஆடும் ஐரோப்பிய நடனம்) போலக் கேட்கிறது, சபையில் யாருக்கும் கால் அசையவில்லை என்று எழுதியிருந்தீர்கள். மூன்று மூன்றாக எண்ணுவதுதான் காரணம் என்று நினைக்கிறேன். பன்னிரண்டாக எண்ணுங்கள்; நம் ஏக தாளத்தின் நான்கு அடிகளையும் திஸ்ர நடையில், அதாவது ஒவ்வொன்றையும் மூன்றாகப் பிரித்து, போடுவது போலத்தான். கால் 1, 4, 7, 10-இல் விழட்டும். அகோகோ என்ற மேற்கு ஆப்பிரிக்க இரும்பு மணியை 1, 3, 5, 6, 8, 10, 12-இல் தட்டுங்கள். அங்குள்ள எவே, யொரூபா இன மக்களின் மேளங்களோடு காலங்காலமாக ஒலிக்கும் அடி இது. காலும் மணியும் சேர்வது 1, 10 இரண்டில் மட்டும். மற்ற இடங்களில் மணி காலை இழுத்துக்கொண்டே போகும். அந்த இழுப்பில்தான் உடம்பு தானாக ஆடுகிறது! முதலில் டிரம்ஸைத் தொடாதீர்கள். நடந்துகொண்டே கைதட்டிப் பழகுங்கள், அப்புறம் குச்சியை எடுங்கள். பேஸ் கிட்டார் வாசிப்பவரையும் கூடவே நடக்கச் சொல்லுங்கள்.