செயின்ட் லூயிஸ் கப்பல்: அனுமதிச் சீட்டு இருந்தும் ஏன் இறங்க விடவில்லை?

நாஜி ஜெர்மனியிலிருந்து தப்பி யூதர்கள் சென்ற செயின்ட் லூயிஸ் கப்பலைப் பற்றிய உங்கள் மகளின் பேச்சுப் போட்டி உரையில், 'அனுமதிச் சீட்டு இருந்தும் கியூபாவில் இறங்க விடவில்லை' என்று ஆசிரியர் சுழித்த வரி சரிதான், அடிக்க வேண்டாம். யூதப் பயணிகளிடம் கியூபா அனுமதிச் சீட்டு இருந்தது. அது கியூபாவின் குடியேற்றத் துறைத் தலைவர் காசு வாங்கிக்கொண்டு விற்ற சீட்டு. 1939 மே 13 அன்று கப்பல் ஹாம்பர்க்கிலிருந்து கிளம்பும் முன்பே கியூபா அதிபர் லாரேடோ புரூ அதைச் செல்லாததாக்கிவிட்டார். கியூபா திருப்பி அனுப்பியபின், அமெரிக்க நகரமான மயாமியின் விளக்குகள் கப்பலிலிருந்து கண்ணுக்குத் தெரிந்தும் அமெரிக்காவும் கைவிரித்தது. இன்றும் என்னால் பொறுக்க முடியாத கொடுமை இது.

ஆனால் உரையில் உள்ள 'எல்லோரும் ஜெர்மனிக்கே போய் மாண்டார்கள்' என்பதை மாற்றுங்கள். பிரிட்டன், பிரான்ஸ், பெல்ஜியம், நெதர்லாந்து அவர்களை ஏற்றன. ஐரோப்பா நாஜிகள் பிடியில் விழுந்தபின் 254 பேர் உயிரிழந்தார்கள். பயணிகளைக் கண்ணியமாக நடத்திய கேப்டன் குஸ்தாவ் ஷ்ரோடர் பெயரையும் அவசியம் சேருங்கள்.