போர்க் கதை படிக்கும் மகளை இன்ஜினியரிங்கில் தள்ளாதீர்கள்

"சார், எந்நேரமும் கமாண்டோ கமாண்டோன்னு படிக்கிறா. பொம்பளப் பிள்ளைக்கு இது எதுக்கு?" என்று கேட்டார் மகளை என்ன படிக்கவைக்கலாம் என்று ஆலோசனை கேட்க விழுப்புரம் பக்கத்திலிருந்து அவளோடு என்னிடம் வந்த ஒரு அம்மா. பெங்களூரில் இருக்கும் பெரியப்பா, மேனேஜ்மென்ட் கோட்டாவில் கம்ப்யூட்டர் சயின்ஸ் சீட் பேசி வைத்திருக்கிறாராம். பணத்துக்கு வீட்டுப் பத்திரத்தை அடகு வைக்க வேண்டும்.

கவலைப்படாதீர்கள் என்று சொல்லி அனுப்பியிருப்பேன். அதற்குள் அந்தப் பெண் தன் நோட்டை நீட்டினாள்.

ஒரு பக்கத்தில் 1971 டிசம்பர், இந்திய-பாகிஸ்தான் போர், எல்லைக்கு அந்தப் பக்கம் இருக்கும் மந்தோல் கிராமம். இந்திய ராணுவத்தின் 9ஆவது பாரா கமாண்டோ படைப்பிரிவு வீரர்கள் இரவில் பூஞ்ச் ஆற்றைக் கடந்து போய், பாகிஸ்தானின் 6 பீரங்கிகளைத் தகர்த்துவிட்டுத் திரும்பிய கதை. எதிர்ப்பக்கத்தில் 1987 அக்டோபர், யாழ்ப்பாணப் பல்கலைக்கழகம். விடுதலைப் புலிகளின் தலைவர்களைப் பிடிக்க, இந்திய ராணுவத்தின் 10ஆவது பாரா கமாண்டோ படைப்பிரிவு வீரர்களோடு ஹெலிகாப்டரில் இறக்கப்பட்ட 13ஆவது சீக்கிய இலகு காலாட்படையின் 30 பேரில் 29 பேர் இறந்தார்கள், ஒருவர் பிடிபட்டார். இரண்டுக்கும் கீழே அவள் கேள்விகள்: இறங்கும் இடம் யாருக்கெல்லாம் தெரிந்திருந்தது? வரைபடம் யார் கொடுத்தது? திரும்பும் வழி என்ன?

அம்மா, இவள் துப்பாக்கிக்கு ஆசைப்படவில்லை. சீருடை வேண்டுமா என்று கேட்டேன், வேண்டாம் என்றாள். ஒரு நடவடிக்கை ஏன் வென்றது, இன்னொன்று ஏன் தோற்றது என்று தெரிந்துகொள்ளத் துடிக்கிறாள். கணக்கில் தட்டுத்தடுமாறித் தேறியவளை நான்கு வருடம் கோடிங்கில் உட்காரவைக்க வீட்டை அடகு வைப்பதை நான் ஒத்துக்கொள்ளவே மாட்டேன்.

இவளுக்கென்றே ஒரு படிப்பு இருக்கிறது, பலருக்குத் தெரிவதில்லை. பி.ஏ. டிஃபென்ஸ் அண்ட் ஸ்ட்ராட்டஜிக் ஸ்டடீஸ், தமிழில் பாதுகாப்பு மற்றும் உத்திசார் ஆய்வுகள். மூன்று வருடம். சென்னை வேளச்சேரி குருநானக் கல்லூரியில் இருக்கிறது. போர் வரலாறு, புவிசார் அரசியல், சர்வதேச உறவுகள், தேசப் பாதுகாப்பு எல்லாம் பாடம். அர்த்தசாஸ்திரம் எழுதிய கௌடில்யரையும், போர் பற்றி எழுதிய ஜெர்மானியர் கிளாஸ்விட்ஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிப்பார்கள். அப்புறம் எம்.ஏ.வுக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தில் இதற்கென்றே தனித் துறை உண்டு. யுஜிசி நெட் தேர்விலும் இது தனிப் பாடம் என்பதால் கல்லூரி ஆசிரியர் வேலைக்குப் பாதை இருக்கிறது. டெல்லியில் 1965இல் தொடங்கிய மனோகர் பாரிக்கர் பாதுகாப்பு ஆய்வு நிறுவனம் போன்ற இடங்களில் ஆய்வாளராகலாம். பத்திரிகைகளில் பாதுகாப்புச் செய்தியாளராகவும் போகலாம்.

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. மூன்றாம் வருடம் முடிந்ததும் கேம்பஸ் இன்டர்வியூவில் சம்பளம் கையில் வராது. எம்.ஏ. வரை போயே ஆக வேண்டும். ஐ.ஏ.எஸ். மெயின் தேர்வில் இது விருப்பப் பாடமும் இல்லை. ஆங்கிலத்தில் தெளிவாக எழுதப் பழக வேண்டும். கூடவே சீன மொழியோ உருதுவோ ஒன்றை இப்போதே தொடங்கினால் நல்லது. யாரும் சொல்லாமல் தானாகவே கட்டுரை எழுதிப் பார்க்கும் பிள்ளைக்குத்தான் இது சரிப்படும். இவள் அதைப் பதினோராம் வகுப்பிலேயே ஆரம்பித்துவிட்டாள்.

எந்தக் கல்லூரிக்குப் போனாலும் முதலில் கேட்க வேண்டியது, இடம் அரசு உதவி பெறும் பிரிவிலா, சுயநிதிப் பிரிவிலா என்பதுதான். கட்டணம் அதைப் பொறுத்து நிறைய மாறும். மூன்று வருடத்துக்கும் விடுதியோடு சேர்த்து எழுதி வாங்குங்கள். அது வரும்வரை பத்திரத்தைப் பீரோவை விட்டு எடுக்காதீர்கள். பெரியப்பாவின் நம்பரைக் கொடுங்கள், அவரிடம் நானே பேசுகிறேன்.